களத்துக் கூலி

போன வாரம் அக்கரைப்பற்றிலிருந்து கல்முனைக்கு வரும் பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்தது. நிந்தவூரைத் தாண்டும்போது எங்கிருந்தோ நெல் அவிக்கும் வாடை வந்தது. பக்கத்தில் இருந்தவர் மூக்கைப் பொத்திக்கொண்டு ஜன்னலைச் சாத்தச் சொன்னார். நான் சாத்தவில்லை. ஊறிப் புளித்த நெல்லை ஆவியில் போட்டால் வருகிற அந்த வாடையை நாற்றம் என்று சொல்ல எனக்கு இன்னும் மனம் வருவதில்லை. சில வருடங்கள் என் உடுப்பெல்லாம் அதுதான் மணத்தது. கலியாணம் பேச வந்தவர்களுக்கு என் தொழிலைத் தனியாகச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

உயர்தரப் பரீட்சைக்கும் எனக்கும் இரண்டு தடவை ஒத்துவராமல் போன பிறகு, ஊருக்கு மேற்கே வயலோரம் ஒரு ஹாஜியாரின் நெல் மில்லில் சேர்ந்திருந்தேன். மூட்டை நிறுக்கிற வேலை. யாரும் கேட்டால் 'கணக்கு வேலை' என்பேன். தராசுக்கு முன்னால் பெரிய சீமெந்துக் களம். அவித்த நெல்லை அதில் பரப்பி, வெறுங்காலால் உழக்கிக் கிண்டிக் காயவைக்கிற பெண்கள் பத்துப் பன்னிரண்டு பேர். பகல் வெயிலில் அந்தச் சீமெந்தில் உள்ளங்கால் தோல் உரியும். எனக்குச் செருப்பு இருந்தது. வானம் கறுத்தால் அவர்கள் ஓடி ஓடி நெல்லைக் கூட்டிப் படங்கு போட்டு மூட வேண்டும். மூடிவிட்டால் அரை நாள் கூலியோடு வீட்டுக்குப் போகலாம். காலையிலேயே மழை என்றால் அதுவும் இல்லை.

அவர்களில் மூத்தவர் சல்மா ராத்தா. கணவர் மௌத்தாகி, ஒரே மகளோடு கடற்கரைப் பக்கம் இருந்தார். எங்கள் பக்கத்தில் பெண்பிள்ளைக்கு வீடு கொடுத்தால்தான் கலியாணம். மாப்பிள்ளை வந்து அந்த வீட்டில்தான் குடியிருப்பார். ராத்தா உழக்கியதெல்லாம் அந்த ஒரு வீட்டுக்காக. சுவர் எழும்பி, கூரைக்குக் காசு சேர்த்துக்கொண்டிருந்தார்.

கூலி விசயத்தைச் சொல்லத்தான் வேண்டும். நான் சேர்ந்த நாளில் என்ன கூலியோ, சுனாமி வரைக்கும் அதேதான். யாராவது வாய் திறந்தால் ஹாஜியார் கோபப்பட மாட்டார். "நோன்பு வரட்டும், பாக்கிறன்தானே" என்பார். நோன்பும் வரும், அவரும் பார்ப்பார். களத்துப் பெண்களுக்கு ஆளுக்கொரு சாறி, கவரில் கொஞ்சம் காசு, எங்களுக்குச் சாரன். எல்லாம் ஸக்காத்து, வசதியுள்ளவர் வருசத்துக்கொரு முறை ஏழைகளுக்குக் கொடுக்க வேண்டிய மார்க்கக் கடமை. ஊரே அவரை வாயாரப் புகழும். நானும் அந்தச் சாரனைக் கஞ்சி கலையாமல் உடுத்துக்கொண்டு போய், ஹாஜியார் காணும்படி பெருநாள் தொழுகையில் முன் வரிசையில் நின்றவன்தான். எங்கள் கூலியில் பிடித்த மிச்சத்தில் ஒரு துண்டுதான் அந்தச் சாரன் என்பது அப்போது என் மண்டையில் ஏறவில்லை.

கடல் வந்தபோது மில் தப்பியது. ராத்தாவும் மகளும் தப்பினார்கள். வீடு தப்பவில்லை.

பிறகு ஒரு வெளிநாட்டு நிறுவனம் இடிபாடு அள்ளுவதற்கு ஆள் எடுத்தது. களத்துக் கூலியைப் போல் இரண்டு மடங்கு. ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி. காலுக்குச் சப்பாத்து, கைக்கு உறை, பகல் சாப்பாடு வேறு. களம் வெறிச்சோடிப் போனது. ராத்தா தன்னுடைய ஒழுங்கையிலேயே நின்று, தன் வீட்டுக் கல்லைத் தானே கூடையில் அள்ளினார். அவர் கையில் வாங்கிய ஒரே நியாயமான கூலி அதுதான். அதை வாங்குவதற்கு வீடு உடைய வேண்டியிருந்தது.

இடிபாடு முடிந்தது, நிறுவனமும் போய்விட்டது. பெண்கள் களத்துக்குத் திரும்பினார்கள். எல்லோருக்குமாக ராத்தாதான் கதைத்தார்.

"ஹாஜியார், அவங்க தந்தளவுக்கு வாணாம். கொஞ்சமெண்டாலும் கூட்டித் தாங்க. கலியாணம் முடிக்காத ஒரு கொமர வெச்சிக்கிட்டு கூடாரத்துக்குள்ள கிடக்கன்."

"அது வெள்ளக்காரன்ட காசு, புள்ள. நான் நெல்லு வித்துத் தாறன். நோன்பு வரட்டும்."

நோன்பு வந்தது. அந்த முறை கவர் தடிப்பாகத்தான் இருந்தது, பொய் சொல்லக் கூடாது. ஹாஜியார் களத்தோரம் கதிரை போட்டு இருந்து ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். பக்கத்தில் பள்ளிவாசலை நிர்வகிக்கிற மரைக்காயர்கள் இரண்டு பேர். ராத்தாவின் முறை வந்தபோது அவர் கையை நீட்டவில்லை.

"இது கூலியா, ஸக்காத்தா?"

"ஸக்காத்துதான். ஆண்டவன் உங்களுக்கெண்டு வெச்ச ஹக்கு. புடி புள்ள."

"ஸக்காத்து மிஸ்கீனுக்கு, இல்லாதவனுக்கு. நான் விடிய வந்து பொழுதுபடப் போறன். வருசம் முழுக்கக் கூலியக் குறைச்சி நீங்கதான் எங்கள மிஸ்கீனாக்கிறீங்க. பொறகு ஒரு நாளைக்கிக் கூப்பிட்டு ஸக்காத்துத் தாறீங்க. எனக்கு இது வாணாம். கூலியக் கூட்டுங்க."

சத்தம் போடவில்லை. நெல் காய்ந்துவிட்டதா என்று கேட்கிற அதே குரல்தான். ஹாஜியார் மரைக்காயர்களைப் பார்த்தார். மரைக்காயர்கள் நிலத்தைப் பார்த்தார்கள். பின்னால் நின்றவள் முன்னே வந்து கவரை வாங்கினாள், அவளுக்குப் பின்னால் நின்றவளும் வாங்கினாள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. பெருநாளைக்குப் பிள்ளைகளுக்கு உடுப்பு வேண்டாமா?

பெருநாள் கழிந்து வேலை தொடங்கியபோது களத்தில் ராத்தாவுக்கு இடமில்லை. ஊரில் 'ஸக்காத்தை மறுத்தவள்' என்று பேர் வேறு. நாவிதன்வெளிப் பக்கம் களை பிடுங்கப் போனார். அந்தக் கூலியில் ஒரு சுவர்கூட எழும்பாது என்று தெரிந்ததும், மகள் பாஸ்போட் எடுத்துக்கொண்டு சவூதிக்கு வீட்டு வேலைக்குப் போனாள். உம்மா மகளுக்கு வீடு கொடுக்கிற ஊரில், மகள் தன் வீட்டைத் தேடிக் கடல் கடந்தாள்.

அவள் அங்கே இருக்கும்போது யுத்தம் முடிந்தது. இனி எல்லாருக்கும் நல்ல காலம் என்று ஹாஜியார் மில்லில் பாற்சோறு கொடுத்தார். பாதைகள் திறந்தன, வங்கிக் கடன் கிடைத்தது, கடனில் நெல் காயவைக்கும் மெசின் வந்து இறங்கியது. அதற்கு மழையும் ஒன்றுதான், வெயிலும் ஒன்றுதான். களத்துப் பெண்களை ஒரே நாளில் நிற்பாட்டினார்கள். கொஞ்சக் காலத்தில் 'கணக்கு வேலை'யும் தேவைப்படாமல் போனது.

களம் இப்போது லொறி நிறுத்துகிற இடம். ஹாஜியார் மௌத்தாகிவிட்டார். மகன்மார் ஸக்காத்தை மட்டும் விடவில்லை. பழைய பெண்களுக்கு வீடு தேடி அனுப்புகிறார்கள். போன நோன்பில் ராத்தாவைப் பார்க்கப் போனேன். மகள் உழைத்துக் கட்டிய வீட்டின் பின்னறையில், முழங்கால் மடக்க முடியாமல் கட்டிலில் இருந்தார். தலைமாட்டில் கவர் கிடந்தது. நான் அதைப் பார்த்ததை அவர் கண்டுவிட்டார்.

"ஓம் தம்பி, வாங்கிட்டன்," என்றார். "அப்ப நான் வேலை செஞ்சன், கூலி கேட்டன். இப்ப வேலையுமில்ல, கூலியுமில்ல. இப்ப இது ஸக்காத்துதான்."