மூச்சுக்கு ரெண்டு விரல்

நாய்க்குக் கோட்டு தைக்கிறவள் என்று சொன்னால் சிரிக்காதவர்கள் குறைவு. சிரித்தவர்களே குளிர் வந்ததும் ஆளுக்கொரு நாயைத் தூக்கிக்கொண்டு அவள் வாசலில் வந்து நிற்பார்கள் என்பது வேறு கதை. தெருவில் அவளுக்கு ‘ரெண்டு விரல்’ என்று பெயர். அளவெடுத்த பிறகு டேப்புக்கும் நாயின் உடம்புக்கும் நடுவே இரண்டு விரலை நுழைத்துப் பார்ப்பாள். விரல் நுழைந்தால்தான் அது அளவு. அவசரப்படுத்துகிறவர்களிடம், “உங்க சட்டையே தொப்பைல பிடிக்குது, நாயாவது நிம்மதியா மூச்சு விடட்டும்” என்பாள். வாங்கிக் கட்டிக்கொண்டு போவார்கள்.

முன்னறையில் ஒரு நீள மேசை. நாயை அதன் மேல் நாலு காலிலும் சமமாக நிறுத்த வேண்டும். உட்கார்ந்த நாயை அளந்தால் கோட்டு வால் பக்கம் தூக்கிக்கொள்ளும். முதலில் கழுத்து, பிறகு கழுத்துப்பட்டை உட்காரும் இடத்திலிருந்து வால் தொடங்கும் இடம் வரை முதுகு, கடைசியாக மார்பு. மார்புக்குத்தான் பொறுமை வேண்டும். முன்னங்கால்களுக்குப் பின்னால் டேப்பைச் சுற்றி, இழுக்காமல், சும்மா பிடித்துக்கொண்டு நிற்பாள். நாய் மூச்சை இழுக்கும்போது டேப் அவள் விரலுக்குள் நழுவும், விடும்போது தளரும். நன்றாக இழுத்த மூச்சில் எது வருகிறதோ அதுதான் அளவு. அந்த அளவுக்குப் பழுப்புக் காகிதத்தில் ஒரு வெட்டு வெட்டி, நாயின் பெயரை எழுதிச் சுவர் ஆணியில் மாட்டிவிடுவாள். சுவர் முழுக்கத் தலையும் காலும் இல்லாத நாய்கள் தொங்கும்.

அந்த முன்னறையில் முன்பு இரண்டு தையல் மிஷின்கள் ஓடின. மனிதர்களுக்கு அக்கா, நாய்களுக்குத் தங்கை. இருவருக்கும் கல்யாணம் காட்சி என்று எதுவும் அமையவில்லை. அதைப் பற்றி இருவரும் பெரிதாக அலட்டிக்கொள்ளவும் இல்லை. அக்கா தைத்த சட்டை உடம்பில் ஒட்டாமலும் தொங்காமலும் நிற்கும். அப்படிப்பட்ட அக்காதான் ஒருநாள் யாரும் கேட்காத சட்டை ஒன்றைத் தைத்து வைத்தாள். யாருக்கு என்று கேட்டதற்கு, தபால்காரர் மத்தியானம் வந்து அளவு கொடுத்துவிட்டுப் போனார் என்றாள். தபால்காரர் செத்து அடக்கம் பண்ணி ஒரு வாரம் ஆகியிருந்தது.

தங்கை சொல்லிப் பார்த்தாள், அதட்டிப் பார்த்தாள். அக்கா பிடித்த பிடியை விடவில்லை. கடைசியில் டாக்டர் ஏதோ மாத்திரை எழுதினார். கத்திரிக்கோலைப் பூட்டி வைத்தது தங்கைதான். அன்றிலிருந்து அக்கா உள்ளறைக் கட்டிலில் உட்கார்ந்து ஒரே துணித் துண்டை மடித்துப் பிரித்து, மடித்துப் பிரித்துக்கொண்டிருக்கிறாள். ஊட்டினால் சாப்பிடுவாள். கேட்டால் பதில் வராது.

ரெண்டு விரலுக்கு வாழ்க்கையில் ஒரே ஒரு பயம் அதனால் வந்ததுதான். அக்காவுக்கு வந்தது தனக்கும் வந்துவிட்டால்? ஒரே ரத்தம்தானே. தானும் இப்படி உட்கார்ந்துவிட்டால் அக்காவுக்கு ஒரு வாய் ஊட்ட நாதி இல்லை. அதனால் தன் கண்ணையும் கையையும் அவள் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு கவனித்து வந்தாள். அளவு தப்பாத வரைக்கும் புத்தியும் தப்பவில்லை என்பது அவள் கணக்கு.

அந்தக் குளிர் தொடங்கும்போது மருந்துக்கடைக்காரர் தன் நாயோடு வந்தார். ‘மேஸ்திரி’ என்றால் தெருவுக்கே தெரியும். யார் வீட்டில் எந்த வேலை நடந்தாலும் போய் நின்று மேற்பார்வை பார்க்கிற நாய். அவள் வீட்டுக்கு வந்தால் தானாக மேசை மேல் ஏறி நிற்கும். முதுகை அளக்கக் குனிந்தால் தாடையை அவள் தோளில் வைத்துக்கொள்ளும். வேறெந்த நாயும் அவளிடம் அந்த உரிமையை எடுத்துக்கொண்டதில்லை. அதற்கென்று எப்போதும் நல்ல துணியாக ஒதுக்கி வைப்பாள்.

அன்றைக்கு அதைத் தூக்கித்தான் ஏற்ற வேண்டியிருந்தது. மேசை மேல் கால் நடுங்க நின்றது. வயதாகிவிட்டது போல என்று அவள் நினைத்துக்கொண்டாள். போன வருஷக் கோட்டு தொலைந்துவிட்டது, வீட்டுக்காரி புதுசு கேட்கிறாள், பழைய அளவிலேயே தைத்துவிட்டால் போதும் என்றார் அவர். அளக்காமல் தைக்கிற வழக்கம் தனக்கு இல்லை என்று சொல்லி டேப்பை எடுத்தாள்.

பழைய அளவைவிட முதுகு இரண்டு விரற்கடை கூட இருந்தது. மார்பு ஒரு விரற்கடை குறைந்திருந்தது. மறுபடி அளந்தாள். அதுவேதான். மார்பு இளைக்கலாம், சரி. வளர்ந்து முடிந்த நாய்க்கு முதுகு எங்கிருந்து நீளும்? அவள் முகத்தில் என்ன தெரிந்ததோ, அவர் நாயைத் தூக்கிக்கொண்டு அவசரமாகக் கிளம்பிவிட்டார்.

டேப்பை இரும்பு ஸ்கேலோடு வைத்துப் பார்த்தாள், பிசகில்லை. மேசையை அளந்தாள், கதவை அளந்தாள், கடைசியில் உள்ளே போய் அக்காவின் தோளை அளந்தாள். எல்லாம் எப்போதும் இருந்தபடிதான் இருந்தன. மேஸ்திரியின் பழுப்புக் காகிதத்தை இறக்கி விரித்தால் அதுவும் அவள் நினைவில் இருந்த அளவாகத்தான் இருந்தது. அப்படியானால் கோணல் எங்கே? ஆரம்பித்துவிட்டதா என்று அக்காவிடமே கேட்டாள். அக்கா துணியை மடித்தாள்.

கடைசியில் கை சொன்ன அளவுக்கே தைத்தாள். போட்டுப் பார்க்க மருந்துக்கடைக்காரர் வீட்டுக்கு, பரீட்சை முடிவு பார்க்கப் போகிற பிள்ளை போல எடுத்துப் போனாள். அவர் மனைவி கட்டிலோடு கிடந்தார். கண்ணும் ஏறக்குறையப் போய்விட்டது. உருவம் மட்டும் நிழலாகத் தெரியும் என்பார்கள். கோட்டு நாய்க்கு அச்சில் வார்த்த மாதிரி உட்கார்ந்தது. அந்த அம்மா நாயைத் தடவிப் பார்த்து, “கோட்டு நல்லா இருக்கு” என்றார். நாயைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை.

கேட் வரை கூட வந்த மருந்துக்கடைக்காரர் அங்கே வைத்துக் குரலைத் தாழ்த்தினார்.

“உங்க கைக்குத் தெரிஞ்சிருச்சுன்னு எனக்குத் தெரியும்மா. இது மேஸ்திரி இல்ல. அவ ஆஸ்பத்திரில இருந்தப்ப அது போயிருச்சு. கோட்டோடயே தண்ணித் தொட்டிக்குப் பின்னாடி புதைச்சேன். அவ தாங்க மாட்டா. அதே மாதிரி ஒண்ணைத் தேடிப் பிடிச்சுக் கூட்டிட்டு வந்துட்டேன். உங்களுக்குள்ளயே இருக்கட்டும்.”

அவளுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. துக்கம் விசாரிக்க வேண்டிய இடத்தில் சிரித்துவிட்டாள். அப்புறம் நாக்கைக் கடித்துக்கொண்டாள். மேஸ்திரிக்காக அழுகையும் வந்தது. ஆனால் அதைவிட, தன் புத்தி தன்னிடமே இருக்கிறது என்கிற சந்தோஷம் பெரிதாக இருந்தது. வீட்டுக்கு வந்து அக்காவுக்குத் தலைசீவிப் பின்னல் போட்டுவிட்டாள்.

குளிர் நன்றாக இறங்கிய பிறகு அந்த அம்மாவிடமிருந்து போன் வந்தது. கோட்டு மார்பில் பிடிக்கிறது, வால் பக்கம் தொங்குகிறது, ஒருநடை வந்து பார்த்துவிட்டுப் போ என்றார். தான் தைத்ததா பிடிக்கிறது என்று அவளுக்குச் சுருக்கென்றது. மத்தியானம் டேப்பை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். வழியில் மருந்துக்கடை. வாசற்படியில், வெயிலில், புது நாய் கால் நீட்டிப் படுத்திருந்தது. அவளைப் பார்த்து வாலை ஆட்டியது. நாய் இங்கே இருக்க, அங்கே போய் எதை அளப்பது? சரி, கோட்டையாவது பார்ப்போம் என்று நடந்தாள்.

வீட்டுக் கதவு திறந்தே இருந்தது. அந்த அம்மா கட்டிலில் சுவரோடு சாய்ந்து உட்கார்ந்திருந்தார். புதுக் கோட்டு நாற்காலியில் கிடந்தது. கட்டிலின் மறுபக்கத்திலிருந்து மேஸ்திரி எழுந்து வந்தது.

போன வருஷக் கோட்டைப் போட்டிருந்தது. நீலத் துணி, இடது ஓரத்தில் அவளே போட்ட இரட்டைத் தையல். துணி ஈரமாக இருந்தது. ஓரமெல்லாம் மண்.

“வந்துட்டியா?” என்றார் அந்த அம்மா. “இந்தப் பழசு எப்பப் பாத்தாலும் ஈரம். எத்தனை தடவை அவுத்துக் கட்டில் கம்பில காயப் போட்டாலும் மறுநாள் இதே கதிதான். உடம்புக்கு ஆகாதுல்ல? அவர் கடைக்குப் போனப்புறம்தான் இது வருது. அவர் கொண்டுவந்த பிள்ளையும் நல்ல பிள்ளைதான், ஒண்ணும் குத்தம் சொல்ல மாட்டேன். மனுஷன் எனக்காகப் பாவம் எங்கெங்கயோ அலைஞ்சிருக்காரு. நீ அவர்கிட்ட ஒண்ணும் சொல்லிக்காத. இதுக்கு அளவெடு.”

ஓடிவிடலாம் என்றுதான் இருந்தது. ஆனால் கைக்குப் பழக்கம், அது பாட்டுக்குக் கோட்டின் பட்டையை அவிழ்த்தது. தரையில் மண்டி போட்டுக் கழுத்தை அளந்தாள். முதுகை அளக்கக் குனிந்தபோது தாடை வந்து அவள் தோளில் உட்கார்ந்தது. அதே கனம். ரவிக்கைத் துணி வழியாகச் சில்லிட்டது. முதுகு, பழுப்புக் காகிதத்தில் இருந்த அளவு. இம்மி பிசகவில்லை.

டேப்பை மார்பில் சுற்றினாள். இழுக்காமல், சும்மா பிடித்துக்கொண்டு காத்திருந்தாள். மூச்சு இழுக்கட்டும் என்று காத்திருந்தாள். வெளியே ஏதோ வண்டி வந்து, நின்று, போனது. நாய் அவள் தோளில் தாடையை வைத்தபடி வாலை மெல்ல ஆட்டிக்கொண்டிருந்தது. டேப் அவள் விரலுக்குள் நழுவவே இல்லை.

“அளவு சரியா இருக்கா?” என்று அந்த அம்மா கேட்டார்.

“சரியா இருக்கும்மா” என்றாள். அடுத்த வாரம் கொண்டுவருவதாகவும் சொன்னாள்.

திரும்பும்போது மருந்துக்கடைப் பக்கம் போகவில்லை; சுற்றிக்கொண்டு வீடு வந்து சேர்ந்தாள். வெயில் இன்னும் இருந்தது. உள்ளறையில் அக்கா துணியை மடித்துக்கொண்டிருந்தாள். தங்கை அவள் காலடியில் உட்கார்ந்தாள். யாரிடமும் கேட்க முடியாத கேள்வி. கேட்டால் அவளுக்கும் மாத்திரை எழுதுவார்கள், அவள் கத்திரிக்கோலையும் பூட்டுவார்கள். யார் ஊட்டுவார்கள் என்று நினைத்தபோது, அக்காவை அதட்டிய ஒவ்வொரு சொல்லும் திரும்பி வந்து அவளைக் குத்தியது.

“அக்கா, அன்னைக்குத் தபால்காரருக்கு மார்பளவு எடுத்தியே” என்றாள். “அவரு மூச்சு விட்டாரா?”

அக்காவின் கை நின்றது. இத்தனை காலத்தில் அது நின்று அவள் பார்த்ததில்லை. துணியைப் பாதி மடிப்பில் விட்டுவிட்டு, அக்கா குனிந்து தங்கையின் முகத்தை வெகுநேரம் பார்த்தாள்.

“டேப் நகரவே இல்லடி” என்றாள். “நானும் ரெண்டு விரல் விட்டுத்தான் தைச்சேன்.”