செவ்வாய் கிரகத்துப் பெரட்டு

எனக்குச் சும்மா உட்காரத் தெரியாது. பிறவிக் கோளாறு. டீ குடிக்கும்போதுகூட இன்னொரு கையால் மேசையைத் துடைத்துக்கொண்டிருப்பேன். மகள் படிக்க வெளியூர் போய், வீட்டில் நானும் கணவரும் மட்டும் என்று ஆனதும் இந்தக் கோளாறு முற்றிவிட்டது. கோலசிலாங்கூரிலிருந்து ரவாங்கில் இருக்கும் தொழிற்சாலை அலுவலகத்துக்குப் போக ஒரு மணி நேரம், வர ஒரு மணி நேரம். காரை ஓட்டிக்கொண்டே எனக்கு நானே பேச ஆரம்பித்தேன். அந்தப் பேச்சிலிருந்துதான் செவ்வாய் கிரகத்தில் ஒரு செம்பனைத் தோட்டம் முளைத்தது.

கதை இதுதான். பூமியில் நிலம் போதாமல் ஒரு கம்பெனி செவ்வாயில் எண்ணெய்க்காகச் செம்பனை நடுகிறது. அங்கேயும் நம் ஆட்களைத்தான் ஏற்றிக்கொண்டு போகிறார்கள், வேறு யார் போவார்கள்? ஆட்கள் குடியிருக்க இரும்புக் குழாய்க்குள் வரிசையாக லயம். விடியும்போதே தலையில் கண்ணாடிக் கூண்டை மாட்டிக்கொண்டு பெரட்டுக்கு வந்து நிற்க வேண்டும். பெரட்டு என்றால் தோட்டத்தில் வேலை தொடங்குமுன் எல்லாரையும் நிறுத்தி, பேர் கூப்பிட்டு, வேலை பிரித்து, திட்ட வேண்டியவரைத் திட்டி அனுப்புவது. தோட்டத்தில் அதைச் செய்யும் மேஸ்திரிக்கு மண்டோர் என்று பெயர்; செவ்வாயில் அது ஒரு இயந்திர மண்டோர். அதனிடம் மாட்டிக்கொண்டு முழிக்கும் ஆட்களை வைத்து ஒரு சிரிப்பு நாடகம். பதிமூன்று பாகத்தையும் மூன்றே மாதத்தில் எழுதித் தள்ளினேன்.

அந்த இயந்திரத்தை நான் கற்பனை செய்யவே இல்லை. அது சோற்றுத் தட்டோடு என் எதிரில்தான் உட்கார்ந்திருந்தது. என் கணவர் நாங்கள் குடியிருக்கும் தோட்டத்தில் மண்டோர். ஆட்களை மூன்று முறை எண்ணுவார். முதல் இரண்டு எண்ணிக்கையும் ஒத்துப்போனாலும் மூன்றாவது உண்டு. கைப்பேசியில் வழி சொல்லும் பெண்குரலுக்கு “செரிங்கம்மா” என்று பதில் சொல்வார். யாரையாவது திட்டப்போகிறார் என்றால் முதலில் தொண்டையைக் கனைத்து, “சாப்டாச்சா?” என்று கேட்பார். இன்னும் இல்லை என்றால் திட்டமாட்டார். போய்ச் சாப்பிட்டுவிட்டு வரச் சொல்லி, வந்த பிறகு திட்டுவார். பங்களாதேஷிலிருந்தும் இந்தோனேசியாவிலிருந்தும் வந்து குலை வெட்டும் ஆட்களுக்குத் தெரிந்த ஒரே தமிழ் வார்த்தை அதுதான். அதைக் கேட்டால் அவர்களுக்கு முதுகு நிமிர்ந்துவிடும். இருபத்திரண்டு வருடமாக எனக்கும் அப்படித்தான். “சாப்டாச்சாம்மா?” என்று இனிமையாக வந்தால், நான் கேஸை மூடாமல் போனது தெரிந்துவிட்டது என்று அர்த்தம்.

எல்லாவற்றையும் அந்த இயந்திரத்துக்குள் போட்டேன். அவரிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டால் எழுத விடமாட்டார் என்ற பயம் பாதி. மனிதர் யோசித்து, மூன்று முறை எண்ணிப் பதில் சொல்லும்வரை காத்திருக்க எனக்குப் பொறுமை இல்லை, அது மீதி.

ஒரு தொலைக்காட்சி நிலையம் புதுத் தொடர்களுக்குப் பைலட் கேட்டிருந்தது. முதல் பாகத்தை மட்டும் மாதிரிக்கு நாமே எடுத்துக் கொடுக்க வேண்டும், பிடித்தால் தொடர். ரவாங்கில் கல்யாண வீடியோ எடுக்கும் ஒருவர் இயக்க ஒப்புக்கொண்டார். சுங்கை பெசாரில் மூடிக் கிடந்த ஒரு நெல் ஆலையை இரண்டு நாளைக்குக் கேட்டு வாங்கினோம். உள்ளே உயர உயரமாகத் தகரத் தொட்டிகள், குழாய்கள், ஏணிகள். வேறு கிரகம் என்றால் நம்பலாம். இயந்திர மண்டோருக்கு உடம்பு ஒரு பழைய ஐஸ்பெட்டியின் வெளித்தகரம், தலை அலுமினியச் சட்டி, கண் இரண்டும் மோட்டார்சைக்கிளின் பின்விளக்கு.

அதற்குள் நின்று நடிக்கக் கோலாலம்பூரிலிருந்து ஒரு நடிகரை வரவழைத்திருந்தோம். பத்து நிமிடம் தாங்கினார்.

“உள்ள வேகுதுக்கா. நானும் மனுசந்தானே லா,” என்றவர், வேர்வை சொட்டச் சொட்டப் போய்த் தன் காரில் ஏர்கோனைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். கொஞ்ச நேரத்தில் கார் கிளம்பும் சத்தம் கேட்டது. அவ்வளவுதான், ஆள் போயே போய்விட்டார்.

எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. இல்லை, கால் ஓடியது. ஆலையை நாலு சுற்றுச் சுற்றினேன். லோரியில் சாமான் ஏற்றிக்கொண்டு வந்திருந்த என் கணவர் ஐந்தாவது சுற்றில் மறித்தார்.

“ஏம்மா இப்படிச் சுத்துற? அந்த டப்பாவுக்குள்ள நிக்கணும், அவ்ளோதானே? நா நிக்கிறேன். காட்டுல நிக்காத சூடா?”

வேண்டாம் என்று சொல்ல வாயைத் திறந்தேன். அதற்குள் வீடியோக்காரர் தகரத்தை அவர் தலை வழியாக இறக்கிவிட்டார்.

நான் பக்கத்தில் நின்று வசனத்தைச் சொல்ல, அவர் திருப்பிச் சொல்ல வேண்டும் என்று ஏற்பாடு. முதல் வசனத்திலேயே என் நாக்கு ஒட்டிக்கொண்டது. “சாப்டாச்சா,” என்று முணுமுணுத்தேன். தகரத்துக்குள்ளிருந்து அவர் தொண்டையைக் கனைத்துக்கொண்டு, “சாப்டாச்சா?” என்றார். அங்கே நின்ற அத்தனை பேரும் வெடித்துச் சிரித்தார்கள். வீடியோக்காரர் சிரித்த சிரிப்பில் கேமரா ஆடி, மறுபடி எடுக்க வேண்டியதாயிற்று. இரண்டு நாளும் மனிதர் ஒரு இடத்திலும் பிசகவில்லை. திரும்பும்போது லோரியில், “நல்லா வந்துச்சா?” என்று மட்டும் கேட்டார். வந்துச்சுங்க என்று சொல்லிவிட்டு நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

ஆறு வாரத்தில் பதில் சொல்வதாக நிலையத்தில் சொன்னார்கள். அந்த ஆறு வாரம் நான் மனுஷியாகவே இல்லை. சமையலறை அலமாரியை மூன்று தடவை காலி செய்து அடுக்கினேன். கைப்பேசியைக் குளியலறைக்குள் கொண்டுபோனேன். அலுவலகத்தில் யாருடைய போன் அடித்தாலும் எழுந்து நின்றேன். எனக்கு அந்தத் தொடர் வேண்டும். நாற்பத்தாறு வயதில், யாரோ எழுதிய கடிதங்களுக்குப் பதில் அடித்துக்கொண்டே ஓய்வு பெற்றுவிடுவேனோ என்ற பயம் என் கழுத்தைப் பிடித்திருந்தது.

இந்த நேரம் பார்த்து வீடியோக்காரர் ஒரு காரியம் செய்தார். பைலட்டிலிருந்து ஒரு நிமிடத் துண்டை எடுத்து இணையத்தில் ஏற்றிவிட்டார். அந்த “சாப்டாச்சா?” கட்டம்தான். அது தோட்டம் முழுக்கப் பரவ இரண்டு நாள்கூட ஆகவில்லை. டப்பாவுக்குள் யார் என்று முகம் தெரியாது, ஆனால் அந்தக் குரலைத் தினமும் விடியற்காலையில் கேட்கிறவர்களுக்கு முகம் எதற்கு?

வீட்டில் அவர் அந்த வார்த்தையைக் கேட்பதை நிறுத்திவிட்டார். ஒரு நாள் நான் கேஸை மூடாமல் போயிருக்கிறேன். வந்து பார்த்தவர் மூடிவிட்டுப் பேசாமல் இருந்தார். எனக்கு விடுப்பு இருந்த ஒரு நாள், அவர் மறந்து வைத்துவிட்டுப் போன மூக்குக் கண்ணாடியைக் கொடுக்கிற சாக்கில் பெரட்டுக்குப் போனேன்.

ஆள் எண்ணிக்கொண்டிருந்தார். ஒருவன் தாமதமாக ஓடி வந்து வரிசையில் சேர்ந்தான். அவர் தொண்டையைக் கனைத்தார். உடனே வரிசை முழுவதும் உதட்டைக் கடித்துக்கொண்டு காத்திருந்தது. அவர் வாயை மூடிக்கொண்டார். “லம்பாட்,” என்று மலாயில் சொல்லி, புத்தகத்தில் தாமதம் என்று குறித்தார். பின்வரிசையிலிருந்து எவனோ ஒருவன், “சாப்டாச்சா, மண்டோர்?” என்று குரல் கொடுத்தான். அடக்கி வைத்திருந்ததெல்லாம் பீறிட்டு வந்தது. தமிழ் தெரியாதவன் எல்லாம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். என் கணவரும் சிரித்தார். அந்தச் சிரிப்பை என்னால் பார்க்க முடியவில்லை. பாவி, என்ன வேலை செய்து வைத்திருக்கிறாய் என்று என்னையே திட்டிக்கொண்டு, கண்ணாடியைக் கொடுக்காமலே திரும்பிவிட்டேன்.

அந்த வாரம் பாசிர் பெனம்பாங்கில் மீன் வாங்கிக்கொண்டிருந்தபோது நிலையத்திலிருந்து போன் வந்தது.

“அக்கா, ஓகே ஆயிருச்சு! பதிமூணு எப்பிசோடும் போடுறோம்,” என்றாள் அந்தப் பெண். “ஆனா ஒரே ஒரு கண்டிஷன். அந்த மெஷினா நடிச்சாரே, அவர மாத்தக்கூடாது. அவருதான் ஷோவே. எங்கக்கா புடிச்சீங்க அவர?”

ஒரு நாள் டைம் கேட்டேன். மீன் பையோடு ஆற்றோரமாக நடந்தேன், திரும்பி நடந்தேன். பையிலிருந்து ஐஸ் உருகிக் காலில் வடிந்தது. பதிமூன்று வாரம் நாடே அவரைப் பார்த்துச் சிரிக்கும். அவர் இன்னும் பல வருடம் அந்தப் பெரட்டில் நின்று ஆள் எண்ண வேண்டும். அப்புறம் அந்த மண்டோரின் பேச்சை எவன் கேட்பான்? ஆனால் ஐயோ, எனக்கு வேண்டுமே! மறுநாள் போன் செய்து, நடித்தவருக்கு இஷ்டமில்லை என்று சொல்லிவிட்டேன். கணவரிடம், டிவிக்காரங்க வேணாம்னுட்டாங்க என்றேன். “அப்படியா,” என்றவர், சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போய், ஏற்கெனவே சுத்தமாக இருந்த மோட்டார்சைக்கிளைக் கழுவினார்.

அதற்குப் பிறகு கல்யாணம், காதுகுத்து என்று எங்கே போனாலும் அவர் இதையேதான் சொன்னார். “எம் பொண்டாட்டி எழுதுனத எடுக்கல. அவனுங்களுக்கு ரசன இல்ல லா.” நான் இலையைப் பார்த்துக்கொண்டு சாப்பிடுவேன்.

எட்டு மாதம் கழித்து, ஒரு புதுமனை புகுவிழாவுக்குச் சுங்கை பஞ்சாங் வழியாகப் போய்க்கொண்டிருந்தோம். அறுவடை நேரம். முன்னால் நெல் அறுக்கும் இயந்திரம் ஒன்று சாலையை அடைத்துக்கொண்டு ஊர்ந்தது. நான் டேஷ்போர்டில் தாளம் போட்டுக்கொண்டிருந்தேன். அவர் சாலையைப் பார்த்தபடியே கேட்டார்.

“அந்த நாடகம் போனதுக்கு நாந்தானே காரணம்? நெசமான நடிகன் இருந்திருந்தா எடுத்திருப்பானுங்க. ஒங்கிட்ட மன்னிப்புக் கேக்கணும்னு ரொம்ப நாளா இருக்கேன்.”

என் கை நின்றது. எட்டு மாதமாக இதையா இந்த மனிதர் சுமந்துகொண்டிருந்தார்?

“இல்லங்க,” என்றேன். “அவங்க சரின்னாங்க. நீங்கதான் நடிக்கணும்னு சொன்னாங்க. நாந்தான் ஒங்களுக்கு இஷ்டமில்லன்னு சொல்லிட்டேன்.”

காரை ஓரமாக நிறுத்தினார்.

“எனக்கு இஷ்டமில்லன்னு நா எப்ப சொன்னேன்?”

“பெரட்டுல எல்லாரும் சிரிச்சாங்களே. நா பாத்தேங்க. நீங்க அந்த வார்த்தையக் கேக்குறதயே விட்டுட்டீங்க.”

“அதக் கேக்க வாயத் தொறந்தாலே வசனம் பேசுற மாதிரி இருந்துச்சு, எனக்கே சிரிப்பு வந்துருச்சு. அதான் விட்டேன். அவனுங்க நாலு நாளு சிரிப்பானுங்க, அப்புறம் குலை வெட்டப் போவானுங்க. அதுக்காவ?”

“அது நீங்கதாங்க. ஒங்களத்தான் எழுதுனேன்.” சொல்லும்போது என் குரல் எனக்கே கேட்கவில்லை.

“ஏன், எனக்குத் தெரியாதா? நான் என்ன மரமா? நீ வேலைக்குப் போனதுக்கப்புறம் எல்லாத்தயும் எடுத்துப் படிச்சேன். பன்னெண்டு பாகமும்.”

“கோவம் வரலயா?”

அவர் ஸ்டியரிங்கைத் தடவிக்கொண்டிருந்தார். “நீ ஒரு எடத்துல நிக்கமாட்ட. நா பேசிக்கிட்டே இருப்பேன், நீ பாதியில எழுந்து போய் எதயாவது தொடச்சிக்கிட்டு இருப்ப. இத்தன வருசமா நா பேசுனது ஒன்னும் ஒங் காதுல ஏறலன்னு நெனச்சிக்கிட்டு இருந்தேன். படிச்சாத்தான் தெரியுது, எல்லாம் ஏறியிருக்கு.”

எனக்கு அழுகை வந்தது. மறைக்கவில்லை. அவர் துண்டை எடுத்துக் கொடுத்துவிட்டு, காரைக் கிளப்பினார். கொஞ்ச தூரம் போனதும் புது ஆள் மாதிரி ஆர்வமாகக் கேட்டார்.

“அந்தப் பதிமூணாவது மட்டும் வீட்டுல கெடைக்கல. கடைசியில அந்த மெஷின் என்னா ஆவுது?”

அது அலுவலகக் கம்ப்யூட்டரில் இருந்தது.

“இன்னும் எழுதலங்க,” என்றேன்.

பொய். முதலில் எழுதியதே அதைத்தான். புது இயந்திரம் வந்து இறங்குகிறது. பழையதை ஆட்கள் தூக்கிக்கொண்டு போய் இரும்புக் குப்பையில் போடுகிறார்கள். அதன் பக்கத்தில் அடைப்புக்குறிக்குள், எல்லாரும் சிரிக்கிறார்கள் என்று குறிப்பும் போட்டிருந்தேன்.