மழைநீரில் கழுவிய கை

ஆக்லாந்தில் எனக்குக் கிடைத்த முதல் வேலை ஐந்து சாலமாண்டர்களைப் பார்த்துக்கொள்வது. எண்பதுகளின் நடுப்பகுதி. யாழ்ப்பாணத்தில் ஒரு பெண்கள் பாடசாலையில் பதினொரு வருடம் விலங்கியல் படிப்பித்துவிட்டு வந்திருந்தேன். தவளையை அறுத்துக் காட்டியிருக்கிறேனே தவிர, சாலமாண்டரைப் படத்தில்தான் கண்டிருந்தேன். பல்கலைக்கழகத்தில் நடந்த நேர்முகத்தில், அவற்றை வளர்த்த பேராசிரியர் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். ஒரு வேலையை ஒவ்வொரு நாளும் அச்சுப் பிசகாமல் ஒரே மாதிரிச் செய்ய அலுக்காதா என்றார். அலுக்காது என்றேன்.

அவை மத்திய அமெரிக்காவின் மலைக்காட்டில், முகில் தங்கும் உயரத்தில், மரக்கிளைகளில் ஒட்டி வளரும் செடிகளின் இலை இடுக்குகளில் வாழ்பவை. சுண்டுவிரல் நீளம்தான் இருக்கும். நனைந்த கருங்கல்லின் நிறம், முதுகில் செம்புக் கோடு. பார்வைக்குப் பல்லி மாதிரி, ஆனால் பல்லியின் அவசரம் இல்லை. அவற்றுக்கு நுரையீரல் கிடையாது, செவுளும் கிடையாது. மூச்செல்லாம் தோலால்தான். தோல் காய்ந்தால் மூச்சு நிற்கும். தோலில் எது பட்டாலும் நேரே உடம்புக்குள் போய்விடும்.

அவற்றைப் பிடித்து வந்த மலையில் பிறகு சண்டை தொடங்கிவிட்டது. அடிவாரத்துக் கிராமங்களை இராணுவம் எரித்துவிட்டது என்றும், தன்னைக் காட்டுக்குள் அழைத்துப்போன வழிகாட்டியிடமிருந்து ஒரு வருடமாகக் கடிதம் இல்லை என்றும் பேராசிரியர் சொன்னார். "இனி அங்கே போக முடியாது. இவை செத்தால் வேறு இல்லை." நான் எந்த நாட்டிலிருந்து வந்தவள் என்று அவருக்குத் தெரியும்.

அவற்றின் அறை பல்கலைக்கழகக் கட்டடத்தின் நிலக்கீழ்த் தளத்தில் இருந்தது. வெளிநாட்டு உயிர் எதுவும் தப்பி வெளியே போகாதபடி, அரசாங்கத்தின் கட்டளைப்படி ஒன்றுக்குப் பின் ஒன்றாக இரண்டு கதவுகள். கோடையிலும் உள்ளே பதினான்கு பாகை. நான் இரண்டு சோடி காலுறை போட்டுக்கொண்டு வேலை செய்வேன். குழாய்த் தண்ணீரில் குளோரின் இருப்பதால் கூரையில் ஒரு பீப்பாய் வைத்து மழைநீர் பிடித்தோம். தொட்டிகளுக்கு அந்த நீர்தான். கை கழுவவும் அதுவேதான். சவர்க்காரத்தின் மிச்சம் விரலில் இருந்தால்கூட அவை செத்துவிடும். ஆகவே அந்த அறையில் சவர்க்காரம் கிடையாது. கையுறையில் பூசியிருக்கும் தூளும் ஆகாது. வெறுங்கையை மழைநீரில் மூன்று தரம் கழுவி, ஈரத்தோடு தொட வேண்டும். செவ்வாய்க்கிழமைகளில் ஒவ்வொன்றாக எடுத்து நிறுத்துக் குறிப்பேன்.

அந்தக் குளிர்காலத்தில் ஐந்தில் ஒன்று முட்டையிட்டது. பாசிக்கு அடியில் பதின்மூன்று முட்டைகள். தாய் அவற்றைச் சுற்றிச் சுருண்டு படுத்துவிட்டது. அதைத் தொட வேண்டாம், நிறுக்கவும் வேண்டாம் என்று பேராசிரியர் சொன்னார். ஒவ்வொரு காலையும் தன் கண்ணாடியைக் கழற்றிவிட்டுத் தொட்டியில் நெற்றி முட்ட நின்று பார்ப்பார். இந்த இனத்தின் முட்டை பொரிப்பதை யாரும் கண்டதில்லையாம்.

அந்தக் கட்டடத்தில் எனக்கென்று இருந்த ஒரே ஆள் துப்புரவு வேலை செய்த அம்மா. சமோவாத் தீவைச் சேர்ந்தவர், ஐம்பது வயதிருக்கும். மாலையில் வருவார். நான் வேலை முடித்து மேலே ஏறும்போது படிக்கட்டில் உட்கார்ந்து தன் தேநீரில் பாதியை மூடியில் ஊற்றித் தருவார். என் ஆங்கிலத்தை யாழ்ப்பாணத்தில் எல்லோரும் மெச்சினார்கள். ஆக்லாந்தில் அது புரிகிறது என்று முதலில் சொன்னவர் அவர்தான். அவர் பேசிய ஆங்கிலத்தை இங்கே என் தமிழில்தான் எழுதுகிறேன்.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை ஏழு மணிக்கு மவுண்ட் வெல்லிங்டனில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டில் போன் அடித்தது. லண்டனிலிருந்து சித்தியின் மகன்.

"அக்கா, அண்ணையை ஆமி பிடிச்சுக்கொண்டு போட்டாங்கள். மன்னார் றோட்டில பஸ்ஸை மறிச்சு ஆம்பிளையளை இறக்கினவங்களாம். நாலு நாளாச்சு. ஒரு தகவலும் இல்லை."

என் உடன்பிறந்த அண்ணா. எங்களுக்கு அப்பா இல்லை. என்னைப் படிப்பித்தது அவர். நான் போனை வைத்துவிட்டுப் பிள்ளைகளுக்குப் பாண் வெட்டினேன். கணவர் என் கையிலிருந்து கத்தியை வாங்கி வைத்தார்.

"இண்டைக்குப் போகாதேயும். போன் பண்ணிச் சொல்லும்."

"இண்டைக்கு நிறுக்கிற நாள். வீட்டில இருந்து நான் என்ன செய்யப்போறன்?"

போனேன். பஸ்ஸில் தலை பிளந்தது. கைப்பையில் எப்போதும் ஊர்த் தைலம் ஒரு சின்னப் போத்தல் இருக்கும். கற்பூரமும் எண்ணெயும் கலந்தது. நெற்றியில் தேய்த்தேன். இறங்கும்போது இன்னொரு தரம் தேய்த்தேன். அறைக்குள் போய் விதிப்படி மழைநீரில் மூன்று தரம் கை கழுவினேன். எண்ணெய் வெறும் தண்ணீருக்குப் போகாது என்று சின்னப் பிள்ளைக்கும் தெரியும். எனக்கு அன்று அது ஞாபகம் வரவில்லை. அண்ணா பஸ்ஸிலிருந்து இறங்கும்போது என்ன சட்டை போட்டிருப்பார் என்று யோசித்துக்கொண்டிருந்தேன். நான்கையும் ஒவ்வொன்றாக உள்ளங்கையில் எடுத்து, கிண்ணத்தில் வைத்து நிறுத்தேன். எல்லாம் நிறை கூடியிருந்தன. கொப்பியில் எழுதினேன்.

பின்னேரம் அவற்றின் தோலில் வெள்ளையாக நுரை கட்டத் தொடங்கியது. ஒன்று முதுகை வளைத்து வளைத்துக் கண்ணாடியில் ஏறி விழுந்தது. நான் கூப்பிட்டுப் பேராசிரியர் ஓடி வந்தார். தண்ணீரை மாற்றினோம், பாசியை மாற்றினோம். புதன் காலையில் நான்கும் செத்துக் கிடந்தன. கைகள் விரிந்து வாய் திறந்திருந்தன. தொடாமல் விட்ட தாய் மட்டும் முட்டைகளோடு அப்படியே இருந்தது.

பேராசிரியர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். "என்ன மாறியது? நேற்று என்ன மாறியது?" என்று திரும்பத் திரும்பக் கேட்டார். எனக்கு உண்மையாகவே தெரியவில்லை.

அவர் மேலே போன பிறகு நிறுக்கும் கிண்ணத்தைத் துடைக்க எடுத்தேன். அதில் கற்பூரம் மணத்தது. மூக்கருகே கொண்டுபோய் மறுபடி முகர்ந்தேன். பிறகு கிண்ணத்தைச் சேலைத் தலைப்பில் மறைத்துக்கொண்டு மேல்மாடிக் கழிப்பறைக்குப் போய், சவர்க்காரம் போட்டு, மணம் போகும்வரை தேய்த்துக் கழுவினேன். முதல் நாள் நடந்தது தெரியாமல் நடந்தது. இது தெரிந்து செய்தது.

சாவுக்குக் காரணம் தேடியவர்களுக்கு வேறொரு மணம் அகப்பட்டது. திங்கள் மாலை நடைவழித் தரையைப் புதுக் கிருமிநாசினி போட்டுத் துடைத்திருந்தார்கள். யாரோ அதைச் சொல்ல, அதுதான் கதவின் கீழால் உள்ளே போயிருக்கிறது என்று எல்லோரும் நம்பினார்கள். வெள்ளிக்கிழமை மாலை படிக்கட்டில் தேநீர்க் குடுவையோடு யாரும் இல்லை. அந்த அம்மாவை இனி அனுப்ப வேண்டாம் என்று துப்புரவுக் கம்பனிக்குச் சொல்லிவிட்டார்களாம். வேறு கட்டடத்தில் அவருக்கு இடம் இல்லையாம்.

அன்று வீட்டில் கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

"நீர் வேணுமெண்டே செய்தனீர்? இல்லைத்தானே. ஒருத்தரிட்டையும் கதையாதேயும். விசா முடிய நாலு மாசம்தான் கிடக்கு. வேலை போனால் இஞ்ச நிரந்தரமா இருக்க ரெசிடென்ஸ் தரமாட்டாங்கள். பிள்ளையளைக் கொண்டு எங்க போறது? அங்கயோ?"

"அந்த மனுசிக்கு வேலை போட்டுது."

"அவவை ஒருத்தரும் பஸ்ஸால இறக்கிக் கொண்டுபோகமாட்டாங்கள்."

அவர் கெட்ட மனிதர் அல்ல. தொழிற்சாலையில் பத்து மணி நேரம் நின்றுவிட்டு வந்து பிள்ளைகளின் சப்பாத்தைத் துடைத்து வைக்கிறவர். அவர் சொன்னதைக் கேட்டதாகச் சொல்லித் தப்ப எனக்கு உரிமையில்லை. நான்தான் சொல்லாமல் இருந்தேன். ஒன்பது நாள் இருந்தேன்.

பத்தாம் நாள் பேராசிரியர் அறைக்குள் வந்து தாயைப் பார்த்துவிட்டு, "உங்கள் அண்ணனைப் பற்றி ஏதாவது தெரிந்ததா?" என்று கேட்டார். நான் அவருக்குச் சொல்லியிருக்கவில்லை. யாரோ சொல்லியிருக்கிறார்கள். அந்தக் கேள்வியை நின்று கேட்க முடியவில்லை. தைலத்தையும் கிண்ணத்தையும் கழிப்பறையையும் மூச்சு விடாமல் சொன்னேன். சொல்லி முடிக்கும்வரை அவர் தொட்டியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"கழுவியிருக்க வேண்டாம்" என்றார் கடைசியில். "கிண்ணத்தை." பிறகு, "நானும் அந்தப் பெண்ணைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்கவில்லை."

என்னை வேலையிலிருந்து நிறுத்தவில்லை. செத்தவற்றைப் பதப்படுத்தி வைத்திருந்த நான்கு போத்தல்களையும் அலமாரியிலிருந்து எடுத்து வைத்து, பேனையைத் தந்தார். சாவுக்கான காரணம் என்ற இடம் அவற்றில் ஒட்டிய சீட்டுகளில் வெறுமையாக இருந்தது. என் கையாலேயே எழுதினேன். கம்பனிக்கும் அன்றே கடிதம் போனது. வேலைக்குத் திரும்பி வரலாம் என்று அவர்கள் அந்த அம்மாவுக்குச் சொல்லியனுப்பினார்கள். அவர் வரவில்லை.

சனிக்கிழமை விலாசம் கேட்டு வாங்கிக்கொண்டு மனுரேவாவுக்கு ரயிலில் போனேன். கணவர் தடுக்கவில்லை. கூட வரட்டுமா என்று கேட்டார். வேண்டாம் என்றேன். கறுவா போட்டு ஒரு கேக் செய்து கொண்டுபோயிருந்தேன். கதவைத் திறந்ததும் அவர் சிரித்தார். சொல்லத் தொடங்கியதும் சிரிப்பு நின்றது. உள்ளே தொலைக்காட்சியில் றக்பி நடந்துகொண்டிருந்தது. ஒரு கையால் கதவைப் பிடித்தபடி முழுவதையும் கேட்டார்.

"அந்த அறைக்குள்ள போனியா எண்டு என்னட்டை ஒருத்தரும் கேக்கேல்லை" என்றார். "கேட்டிருந்தால் இல்லை எண்டு சொல்லியிருப்பன். நான் தும்புத்தடியை எப்பவும் முதல் கதவுக்கு இஞ்சாலதான் நிப்பாட்டுறனான். உனக்கு அது தெரியும்."

"தெரியும்."

"ஏழு வருசம் அந்தக் கட்டடத்தைக் கூட்டினன்."

மன்னிப்புக் கேட்டேன். அண்ணாவைப் பற்றிச் சொன்னேன். அதை அங்கே சொல்லியிருக்கக் கூடாது என்று சொல்லும்போதே தெரிந்தது. அவர் கண்கள் கலங்கின.

"உன்ர அண்ணனுக்காக நாளைக்குக் கோயிலில செபிப்பன்" என்றார். "ஆனால் நீ இனி இஞ்ச வராதே."

கேக்கை வாங்கிக்கொண்டார். கதவை மெதுவாகத்தான் சாத்தினார்.

அண்ணாவைப் பற்றி இன்றுவரை ஒரு தகவலும் இல்லை. எங்களுக்கு ரெசிடென்ஸ் கிடைத்தது. பேராசிரியரின் கடிதம்தான் அதற்கு உதவியது. அதை நினைக்கும்போதெல்லாம் அந்த அம்மா வேறு வேலை தேடியபோது அவருக்கு யார் கடிதம் எழுதினார்கள் என்று தோன்றும்.

தாய் ஐந்து மாதம் முட்டைகளை விட்டு நகரவில்லை. பூஞ்சணம் பிடித்தவற்றைத் தானே தின்று, மற்றவற்றை உடம்பால் புரட்டிப் புரட்டி வைத்தது. எலும்பு தெரிய மெலிந்தது. கோடை தொடங்கும்போது மூன்று முட்டைகள் மிஞ்சி, அவற்றில் இரண்டு பொரித்தன. ஒரு நெல்மணி அளவு. வாலும் விரல்களும் எல்லாம் முழுமையாக இருந்தன. பேராசிரியர் தரையில் முழந்தாளிட்டுப் பார்த்தார். நான் பின்னால் நின்றேன். தொட்டிக்குள் கைவைக்கும் வேலையை வேறு ஒருவருக்குக் கொடுக்கும்படி நானே கேட்டிருந்தேன்.

ஒரு குஞ்சு எட்டாம் நாள் செத்தது. தாய் மறு குளிர்காலம்வரை இருந்தது. மற்றக் குஞ்சு வளர்ந்து, பெண் என்று தெரிந்து, தனியாக இரண்டு வருடம் வாழ்ந்தது. அதுவும் போன பிறகு குளிரூட்டியை நிறுத்தினார்கள். இரண்டு கதவுகளையும் திறந்துவைத்து அறையைக் காயவிட்டார்கள். அந்த மலைச்சரிவில் காடு வெட்டிச் சோளம் போட்டிருக்கிறார்கள் என்று அதே வருடம் பேராசிரியருக்கு யாரோ எழுதியிருந்தார்கள். அவர் அதை எனக்கு வாசித்துக் காட்டிவிட்டு, மடித்து, சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.