பனங்களியில் தோய்த்த துணி

ஆறாம் வகுப்புக்கு வரலாறு படிப்பிப்பதைப் போல வெறுப்பான வேலை அந்த நாட்களில் எனக்கு வேறொன்றும் இருக்கவில்லை. பாடப்புத்தகத்தில் ஆதிமக்கள் வருவார்கள். மண்ணைக் குழைத்துப் பானை செய்வார்கள், ஓலையால் கூரை வேய்வார்கள், விதையைப் பிழிந்து விளக்கெரிப்பார்கள், சாணத்தால் நிலம் மெழுகுவார்கள். நான் வாசித்து முடிக்குமுன்பே பின்வரிசை வாங்கிலிருந்து ஒருத்தி, "ரீச்சர், உது எங்கடை வீடெல்லோ!" என்பாள். வகுப்பே சிரிக்கும். நானும் சிரிப்பேன். அழுதால் பாடம் நடக்காது.

அவள் சொன்னதில் பிழையில்லை. மின்சாரம் நின்று எத்தனையோ காலம். போர்க்காலப் பொருளாதாரத் தடையால் மண்ணெண்ணெய், பற்றரி, சீமெந்து என்று எதுவும் ஒழுங்காக வந்து சேராது. ஜாம் போத்தலுக்குள் பஞ்சு வைத்து, அதில் சொட்டு எண்ணெய் விட்டுத் திரி கொளுத்தினோம். அதுவும் தீர்ந்தால் இலுப்பெண்ணெய். சவர்க்காரத்தின் விலையைக் கேட்டுவிட்டுச் சும்மா திரும்பி வரலாம். பனம்பழக் காலத்தில் பழத்தைப் பிசைந்து, அந்தக் களியைப் போட்டுத் துணி தோய்த்தோம். அழுக்குப் போகும். வாசம் மட்டும் போகாது. கொடியில் காயும் துணியை மாடு தேடி வந்து சப்பும். ஒரு பக்கக் கை இல்லாத சட்டையோடு பாடசாலைக்கு வந்த பிள்ளைகளும் உண்டு.

இன்று அந்தக் காலத்தைப் பற்றிக் கதைக்கும்போது சிலருக்கு முகம் மலர்கிறது. "எங்கடை முன்னோர் எல்லாத்துக்கும் வழி வைச்சிட்டுத்தான் போயிருக்கினம்" என்கிறார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். எல்லாவற்றுக்கும் வைக்கவில்லை. என் அண்ணைக்கு வைக்கவில்லை.

அண்ணைக்குச் சின்ன வயதிலேயே சீனி வருத்தம் வந்துவிட்டது. ஒவ்வொரு நாளும் இன்சுலின் ஊசி போட்டால்தான் உயிர் நிற்கும். அதனாலேயே அவர் கலியாணம் வேண்டாமென்று இருந்துவிட்டார். சீமெந்துத் தொழிற்சாலையில் வேலை பார்த்தார். சண்டை வந்து தொழிற்சாலை மூடப்பட்டு, தெல்லிப்பழையிலிருந்து நாங்கள் எல்லோரும் ஓடியபோது சனம் நகையையும் காணி உறுதிப் பத்திரத்தையும் கட்டிக்கொண்டு ஓட, அண்ணை ஐஸ் போட்ட பிளாஸ்கில் மருந்துக் குப்பியை வைத்து நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்தார். கடைசியில் கரவெட்டியில் ஓர் அக்கா தன் வீட்டில் எங்கள் இருவருக்கும் ஓர் அறை தந்தார். கணவரை இழந்தவர். வெங்காயத் தோட்டமும் ஒரு பசுவும்தான் அவருக்குச் சீவியம்.

ஊரில் ஆளுக்கொரு வைத்தியம் சொன்னார்கள். பாவக்காய்ச் சாறு, நாவல் கொட்டைத் தூள், குறிஞ்சா இலை, ஆவரசம் பூ. அன்பாகத்தான் சொன்னார்கள். அண்ணையும் மறுக்காமல் எல்லாவற்றையும் குடித்தார். ஒருநாள் குறிஞ்சாச் சாற்றைக் குடித்து முகத்தைச் சுளித்துக்கொண்டே என்னிடம் கேட்டார்:

"இந்த வருத்தத்துக்கு அந்தக் காலத்திலை என்ன செய்தவை எண்டு உன்ரை புத்தகத்திலை கிடக்கோ?"

"இல்லை அண்ணை."

"கிடக்காது. செத்துப் போச்சினம். அதை ஏன் எழுதுவான்?"

குளிர்ப்பெட்டி இல்லாமல் இன்சுலினை வைத்திருக்க ஆதிமக்களின் வழி ஒன்றுதான் எங்களுக்கு இருந்தது. ஒரு பெரிய மண்பானை, அதற்குள் ஈர மணல், மணலுக்குள் ஒரு சின்ன மண்முட்டி, முட்டிக்குள் குப்பி. பானையைச் சுற்றி ஈரத்துணி போர்த்திக் கழுத்தில் கயிற்றால் கட்டிவிடுவோம். காற்றுப் பட்டால்தான் குளிரும். அறைக்குள் வைத்தால் அவிந்துவிடும். அதனால் கிணற்றடி வாழைகளின் நிழலில், கல் அடுக்கி, அதன்மேல் வைத்தோம். தென்மேற்கிலிருந்து சோளகக் காற்று வீசும் நாட்களில் குப்பியைத் தொட்டால் கை சில்லிடும். அண்ணை காலையில் குப்பியை எடுத்துக் கன்னத்தில் வைத்துப் பார்ப்பார். அந்த நேரத்தில் மட்டும் அவர் முகத்தில் பயம் இருக்காது.

ஆவணி மாதத்தில் ஒரு குப்பிதான் மிச்சம். அடுத்தது தெற்கிலிருந்து மருந்து ஏற்றிய கப்பல் வந்தால் வரும். கப்பல் எப்போது வரும் என்று கடலுக்கும் தெரியாது.

அந்தத் துணி நனைந்து நனைந்து பாசி பிடித்து நாறத் தொடங்கியிருந்தது. நான் பாடசாலையில் இருந்த நேரம், அண்ணை படுத்திருந்தார். வீட்டுக்கார அக்கா பார்த்திருக்கிறார். மருந்து வைக்கிற இடம் இப்படி ஊத்தையாகக் கிடக்கலாமா என்று நினைத்திருக்கிறார். துணியை அவிழ்த்து, நல்ல பழமாகப் பார்த்துப் பிசைந்து, களி போட்டுத் தோய்த்து, நன்றாக அலசி, ஈரத்தோடு திரும்பவும் பானையில் சுற்றி, முன்னைவிட இறுக்கமாகக் கட்டிவிட்டுத் தோட்டத்துக்குப் போயிருக்கிறார்.

பசுவுக்குப் பிண்ணாக்கு இல்லாத காலம் அது. விலா எலும்புகள் தெரிய வீட்டு வளவுக்குள் உலாவிக்கொண்டிருக்கும். வாசம் பிடித்து வந்து துணியைக் கவ்வி இழுத்திருக்கிறது. துணி கழன்று வந்திருந்தால் துணியோடு போயிருக்கும். அக்கா கட்டிய கட்டு அவிழவில்லை. பானை கல்லிலிருந்து கிணற்றடிச் சீமெந்தில் விழுந்தது.

நான் வந்தபோது அண்ணை ஈர மணலைக் கையால் அளைந்துகொண்டு குந்தியிருந்தார். கண்ணாடித் துண்டுகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி உள்ளங்கையில் வைத்திருந்தார். பசு பக்கத்தில் நின்று துணியின் நுனியைச் சப்பிக்கொண்டிருந்தது.

"எங்கடை தொழிற்சாலைச் சீமெந்துதான்," என்றார் என்னைப் பார்த்து. "நல்ல உறுதி."

அக்கா தோட்டத்திலிருந்து ஓடி வந்தார். பார்த்ததும் விளங்கிவிட்டது. தலையில் அடித்துக்கொண்டு, "ஐயோ ரீச்சர், நான் நல்லதெண்டெல்லோ செய்தனான்," என்று குழறினார். எனக்கு யாரையாவது பிடித்துத் திட்ட வேண்டும் போலிருந்தது. யாரைத் திட்டுவது? இருக்க இடம் தந்தவரையா, பசித்த பசுவையா? பழத்தில் வாசத்தை வைத்த கடவுளைத்தான் மனதுக்குள் திட்டினேன்.

சைக்கிளை மிதித்துப் பருத்தித்துறை ஆசுப்பத்திரிக்குப் போனேன். மருந்து கொடுப்பவர் என்னை உள்ளே கூட்டிக்கொண்டுபோய் வெறும் அலமாரித் தட்டுகளைக் காட்டினார். "கப்பல் வரேல்லை ரீச்சர். வந்தால் முதல் குப்பி உங்களுக்குத்தான்," என்றார். தனியார் மருந்துக் கடைகளிலும் கேட்டேன். சீனி வருத்தக்காரர் இருக்கும் வீடுகளை விசாரித்து வாசற்படலையில் நின்று கேட்டேன். ஒரு தாய் தன் மகளின் குப்பியை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார். அடியில் கொஞ்சம் கிடந்தது. அதற்குப் பிறகு நான் எந்த வீட்டிலும் கேட்கவில்லை.

அண்ணைக்குத் தாகம் தொடங்கியது. குடம் குடமாகக் குடித்தார். குடித்ததையெல்லாம் சத்தி எடுத்தார். ஆசுப்பத்திரியில் சேர்த்தோம். அவர்கள் தங்களிடம் இருந்ததைக் கொண்டு பார்த்தார்கள், சேலைன் ஏற்றினார்கள். வேண்டிய மருந்து மட்டும் இல்லை. அவருடைய மூச்சு நீளநீளமாக இழுத்தது. அதில் பழுத்த பழத்தின் மணம் வந்தது. இந்த வருத்தம் முற்றினால் மூச்சு இப்படி மணக்கும் என்று தாதி சொன்னார். நான் சாளரத்தடியில் போய் நின்றேன். அங்கேயும் அந்த மணம் வந்தது.

கப்பல் வரவில்லை. அண்ணை போய்விட்டார்.

கரவெட்டிக்குக் கொண்டுவந்து கிடத்தினோம். கடைகளில் புது வேட்டி இல்லை. அவருடைய பெட்டிக்குள் நல்ல வேட்டி ஒன்று இருந்தது, கோயிலுக்குக் கட்டுவது. கிடந்து கிடந்து பூஞ்சணம் பிடித்திருந்தது. அக்கா அதைக் கையில் வைத்துக்கொண்டு என் முன்னால் நின்றார்.

"ரீச்சர்... சவர்க்காரம் இல்லை. உதை நான் என்னத்திலை..." என்றார்.

"களியிலை தோயுங்கோ அக்கா," என்றேன்.

தோய்த்துக் கொடியில் போட்டார். நான் ஒரு பூவரசங்கம்பை முறித்துக்கொண்டு கொடிக்குக் கீழே குந்திவிட்டேன். உள்ளே பெண்கள் ஒப்பாரி வைத்துக்கொண்டிருந்தார்கள். உடன்பிறந்தவள் பிணத்தின் தலைமாட்டில் இல்லாமல் கிணற்றடியில் தடியோடு இருக்கிறாளே என்று வந்த சனம் பார்த்தது. பார்க்கட்டும். பசுவை அன்று அக்கா இரட்டைக் கயிற்றில் கட்டியிருந்தார். வாசம் அதற்கும் எட்டியிருக்க வேண்டும், கத்திக்கொண்டே இருந்தது.

வெயிலும் காற்றும் நன்றாக இருந்தன. வேட்டி வெள்ளை வெளேரென்று காய்ந்தது. எடுத்து மடிக்கும்போது முகத்தருகில் வந்தது. அண்ணையின் கடைசி மூச்சு மணந்த மணம் அதில் இருந்தது. உள்ளேயிருந்து வேட்டியைக் கொண்டுவரச் சொல்லிக் கூப்பிட்டார்கள். திரும்பத் திரும்பக் கூப்பிட்டார்கள். நான் அதை முகத்தில் பொத்திக்கொண்டு அங்கேயே நின்றேன்.