சூளையில் சுருங்கிய அறுபது ஜாடிகள்

காலை 11.10. விருத்தாசலம் சந்திப்பில் இறங்கியபோது வெயில் எனக்கு முன்பே வந்து காத்திருந்தது. எழும்பூரிலிருந்து இருநூற்றுச் சொச்சம் கிலோமீட்டர். பன்னிரண்டு ஆண்டுகள் பிறரிடம் உதவியாளராக இருந்து செட்டுகளில் அலமாரி அடுக்கியவள் நான். கலை இயக்குநராக எனக்கு இதுதான் முதல் படம். திங்கட்கிழமை படப்பிடிப்பு. பழைய நாட்டு மருந்துக் கடை செட்டுக்கு அறுபது வெள்ளைப் பீங்கான் ஜாடிகள் செய்ய இந்த ஊர்ப் பட்டறை ஒன்றில் சொல்லியிருந்தேன். அவற்றை எடுத்துப்போக வந்தேன்.

ஆட்டோவுக்கு எண்பது ரூபாய். "பீங்கான் பொம்மை வாங்கவாம்மா?" என்றார் ஓட்டுநர். ஜாடி, சினிமாவுக்கு என்றேன்.

"சினிமான்னா அட்டையிலயே செஞ்சிடுவாங்கன்னு இல்ல நெனச்சேன்!"

அந்தப் பேச்சை ஒழிக்கத்தான் இவ்வளவு தூரம் வந்தேன் என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டேன்.

11.45. பட்டறையை நடத்தும் ராமலிங்கம் ஜாடிகளை வரிசையாக வைத்திருந்தார். பளபளவென்று, ஒரு கீறல் இல்லை. என் பையிலிருந்த மாதிரி ஜாடியைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். என்னுடையது பத்து அங்குலம், அவருடையது ஒன்பது.

"அன்னிக்கே போன்ல சொன்னனே மேடம். மண்ணு காயும்போதும் சுருங்கும், சூளையிலயும் சுருங்கும், மோல்டைப் பெருசா எடுக்கணும்னு. நீங்கதான் அனுப்பின மோல்டுல அப்படியே ஊத்துங்கன்னீங்க."

சொல்லத்தான் சொன்னார். செட்டில் பிளாஸ்டரும் பைபரும் அச்சில் ஊற்றிப் பழகிய கை என்னுடையது. அவை ஊற்றிய அளவிலேயே வெளியே வரும். மோல்டைப் பற்றி எனக்கே பாடமா என்று அன்று காதில் வாங்கிக்கொள்ளவில்லை. வாடகைக்கு எடுத்த பத்தங்குலப் பழைய ஜாடிகள் இருபது சென்னையில் இருந்தன. அவற்றோடு இவற்றைக் கலந்து வைத்தால் கேமரா காட்டிக்கொடுத்துவிடும். புதிதாகச் செய்யப் பத்து நாளாவது ஆகும்.

12.30. பூச்சு வேலை செய்யும் செல்வி, நடக்க வழியில்லை என்று ஜாடிகளை நீளப் பலகையில் ஒன்றன்பின் ஒன்றாக நகர்த்தினார். என் ஜாடி முன்னால் நின்றது. படம் பிடித்து இயக்குநருக்குத் துக்கச் செய்தி அனுப்பலாம் என்று கைபேசியைத் தூக்கினேன். திரையில் பலகை, இருப்பதைவிட நீளமாகத் தெரிந்தது.

"அப்படியே இருங்க, அசையாதீங்க!" என்று கத்திவிட்டேன்.

"என்னக்கா, பாம்பா?" என்றார் செல்வி, ஒரு காலைத் தூக்கியபடி.

எங்கள் செட் முப்பது அடி. கடை நீளம் போதவில்லை என்று இயக்குநர் ஒரு வாரமாக முனகிக்கொண்டிருந்தார். பெரிய ஜாடிகள் முன்னால், சின்னவை பின்னால். அலமாரித் தட்டுகளின் இடைவெளியையும் பின்னே போகப்போகக் குறைத்தால் முப்பது நாற்பதாகத் தெரியும். கடைக்கோடியில் ஆள் மட்டும் நிற்கக் கூடாது, நின்றால் பூதம்போல் இருப்பார். படத்தை அனுப்பி இதையெல்லாம் ஸ்பீக்கரில் விளக்கினேன்.

"பிரமாதம்மா!" என்றார் இயக்குநர். "ஆனா அளவைத் தப்பா செஞ்சது அந்தப் பட்டறைக்காரங்கதானே? இனிமே அவங்களுக்கு வேலையே கொடுக்காத."

பக்கத்து ஊரான கருவேப்பிலங்குறிச்சியிலிருந்து வந்த வைக்கோலை ஜாடிக்குச் சுற்றிக்கொண்டிருந்த ராமலிங்கத்தின் கை நின்றது. அவர் என்னைப் பார்க்கவில்லை.

"இல்ல சார், தப்பு என்னுது. அவர் சொன்னாரு, நான்தான் கேக்கல" என்றேன் போனில்.

பிற்பகல் 3.00. ஜாடிகளோடு வேன் உளுந்தூர்பேட்டை சாலையில் ஏறியது. இத்தனை வருடம் நான் செய்த நல்ல வேலைக்கெல்லாம் திரையில் வேறொருவர் பெயர் வந்தது. இப்போது தவறுகூட என் பெயரில். அதையும் இன்னொருவருக்கு விட்டுக்கொடுக்க எனக்கு மனம் வரவில்லை.