கிளிஃபோர்டா, சுடலைமுத்தா?

இன்று சாலைக் கடைத்தெருவில் அத்தானைப் பார்த்தேன். அக்காவின் புருஷன், சர்க்கார் கச்சேரியில் குமாஸ்தா.

மகனுக்குக் கிளிஃபோர்ட் என்று பேர் வைக்கிறாராம். அவருடைய ஆபீஸ் வெள்ளைக்காரத் துரையின் பேர். பாறையோரத்து ஆற்றுத்துறை என்று அர்த்தமாம்.

"கேட்டாலே ஒரு கம்பீரம், கேட்டியாடே!"

"அக்கா சுடலைமாடனுக்கு நேர்ந்துதானே பெத்தா, அத்தான்? சுடலைமுத்துன்னு வைங்க. சுடுகாட்டுக்கே காவல் நிக்கிற சாமி. அதைவிட முரட்டுப் பேரு உண்டா?"

"பட்டிக்காட்டுப் பேரு. ஆபீஸில சிரிப்பாங்க."

அதற்குள் அக்கா துணிக்கடையிலிருந்து வெளியே வந்தாள். இதற்கு முன் இரண்டு பிள்ளைகளைப் பறிகொடுத்தவள். எல்லாம் காதில் விழுந்திருக்கிறது.

தோளில் கிடந்த குழந்தையைத் தட்டி, "சுடலைமுத்து, வீட்டுக்குப் போலாமா?" என்றாள்.

அத்தான் அவள் கையிலிருந்த துணிப் பையை வாங்கிக்கொண்டு பின்னாலேயே நடந்தார்.

ஆபீஸில் மட்டும் கிளிஃபோர்டின் அப்பாவாக இருந்துகொள்ளட்டும். உங்கள் வீட்டிலும் இப்படி ஒரு துரை உண்டா?