நிலாவின் ஓரத்துப் பிசிறு

மனிதர்கள் முகத்தில் இருப்பதை இல்லாமல் செய்வது ஹேமலதாவின் தொழில். காஜியார் வீதியில் அப்துல் முத்தலிப்பின் ஸ்டுடியோவில் கல்யாண ஆல்பம் போடுகிறாள். பரு, அம்மைத் தழும்பு, கருவளையம், தலையோரம் காற்றில் கிளம்பிய பிசிறு முடி, பந்தியில் வாயைத் திறந்தபடி அகப்பட்டுக்கொண்ட சித்தப்பா, எல்லாம் அவள் கையால்தான் மறைந்தாக வேண்டும். ஊரில் எத்தனையோ வீட்டு ஷோகேஸில் அவள் செய்த பொய் கண்ணாடிக்குப் பின்னால் சிரித்துக்கொண்டு நிற்கிறது. பொய் என்று தெரிந்தே ஆசையாக வாங்கிப்போகிற பொருள்கள் உலகத்தில் சில உண்டு. கல்யாண ஆல்பத்துக்கு அதில் முதலிடம்.

பாகூர்ப் பக்கத்து நெல் விவசாயக் குடும்பத்துப் பெண். நாளெல்லாம் உட்கார்ந்து செய்யும் வேலையைத் தேர்ந்தெடுத்த அவளுக்கு உட்காரத்தான் தெரியாது. ஒரு முகத்தைத் துடைப்பாள், எழுந்து வாசல் வரை போவாள், தெருவை ஒருமுறை பார்ப்பாள், திரும்புவாள். "ஸ்டுடியோவுல நாற்காலி தேயாம தரை தேயறது நம்ம கடையிலதான்" என்பார் முத்தலிப் பாய்.

கொரோனா வந்து கல்யாணங்களை மண்டபத்திலிருந்து மொட்டைமாடிக்கு விரட்டிய வருஷம் அவள் கைக்கு முகங்கள் கிடைக்கவில்லை. அப்போதுதான் வியாழன் கிடைத்தது. ஜூனோ என்றொரு ஆளில்லா விண்கலம் அந்தக் கிரகத்தை நீள்வட்டமாகச் சுற்றுகிறது. மாதத்துக்கு ஒரு தடவை போல மேகங்களை உரசுகிற மாதிரி இறங்கிப் படமெடுத்துவிட்டு விலகிப் போகிறது. அதில் ஒரு காமிராவைப் பொதுஜனத்துக்கென்றே வைத்திருந்தார்கள். படங்கள் சிவப்பு, பச்சை, நீலம் என்று கீற்றுக் கீற்றாக இணையத்தில் வந்து விழும். யார் வேண்டுமானாலும் எடுத்து ஒட்டி, நிறம் கூட்டி, திரும்ப அதே இடத்தில் வைக்கலாம். "படம் எடுக்கறது அவன், கழுவறது நீயா?" என்று பிலிம் காலத்துக் கணக்கில் கேட்டார் பாய். கேள்வி சரிதான்.

வியாழனில் அவள் எதையும் அழிப்பதில்லை. அது அவள் தனக்குத் தானே போட்டுக்கொண்ட சட்டம். உலகத்தில் தன் கை பட்ட ஒரு படமாவது, உள்ளதை உள்ளபடி காட்டுவதாக இருக்க வேண்டும். கணவன் பிரேம்குமாரிடம் இதைச் சொன்னபோது அவன், "அப்ப நம்ம கல்யாண ஆல்பத்துல என் தொப்பை எங்க போச்சு?" என்று மட்டும் கேட்டான். நோணாங்குப்பம் படகுத்துறையில் படகு ஓட்டுகிறவன். மிதக்காத விஷயங்களில் அவனுக்கு நாட்டம் குறைவு.

2023 நவம்பரில் வந்த படங்கள் பாழாயிருந்தன. பூராவும் கோடு, பூராவும் புள்ளி. வியாழனைச் சுற்றியுள்ள கதிர்வீச்சு காமிராவின் கண்ணைத் தின்றுகொண்டிருந்தது. சில சுற்றுகளுக்கே போதும் என்று வைத்த காமிரா ஐம்பதைத் தாண்டி உழைத்திருந்தது, குறை சொல்லவும் வழியில்லை. ஆனால் டிசம்பர் முப்பதாம் தேதி விண்கலம் அயோ என்ற நிலாவை இத்தனை வருஷத்தில் இல்லாத அளவுக்கு நெருங்கப்போகிறது. எரிமலைகளால் ஆன நிலா. அதைக் கிட்டத்தில் பார்த்து, தன் கையால் ஒரு படம் செய்துவிட வேண்டும் என்பதுதான் ஹேமலதாவின் ஆசை. அதற்குள் கண் அவிந்துவிட்டால்?

டிசம்பர் முழுக்க அவள் ஓர் இடத்தில் நிற்கவில்லை. மாத ஆரம்பத்தில் வங்கக்கடலில் ஒரு புயல் கிளம்பி, ஊரை நனைத்துவிட்டு ஆந்திராவில் போய்க் கரையேறியது. புயலுக்கே அவள்மேல் பொறாமை வந்திருக்கும், அல்லது அவளுக்குப் புயல்மேல். அதற்காவது கரை இருந்தது. வியாழனில் நிலமே கிடையாது. அங்கே கிளம்புகிற புயல் கரையைக் கடக்கவும் முடியாமல், ஓயவும் தெரியாமல், நூற்றாண்டுக் கணக்கில் சுற்றிக்கொண்டே கிடக்கிறது.

"எதுக்குடி இப்பிடி உள்ளுக்கும் வெளியவும் நடந்து சாவுற?" என்றாள் மாமியார் செல்வாம்பாள்.

"வியாழன்ல காமிரா கெட்டுப்போச்சு, அத்தை."

"குரு தானே? வருஷக் கடைசில வக்ர நிவர்த்தியாம், டிவில சொன்னான். எல்லாம் சரியாப் பூடும். அப்பிடியே என் முட்டிவலியப் பத்தியும் கேட்டு வை."

வானியலைவிட ஜோதிடம் இந்த விஷயத்தில் சரியாகச் சொன்னது என்று ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். டிசம்பர் முப்பத்தொன்று, ஞாயிற்றுக்கிழமை காலை, சில புள்ளிகள் நீங்கலாக அயோ தெளிவாக வந்து இறங்கியது. காமிராவை அதன் சூடாக்கியாலேயே முழு வேகத்தில் வாட்டி எடுத்துத்தான் பிழைக்கவைத்தார்கள் என்பது ஒன்றரை வருஷம் கழித்துத்தான் வெளியே தெரிந்தது. நனைந்த செல்போனை அரிசி டப்பாவில் புதைக்கிற நம் வைத்தியத்துக்கு அது தூரத்துச் சொந்தம்.

அந்த ஞாயிறு ஸ்டுடியோவுக்கு விடுமுறை இல்லை. மார்கழியில் கல்யாணம் கிடையாது, ஆனால் கார்த்திகைக் கல்யாணங்களின் பாக்கி உண்டு. பூர்ணிமா என்ற பெண்ணின் ஆல்பம். மாப்பிள்ளை வீடு சொல்தா குடும்பம். தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்த புண்ணியத்தில் பேரன் பாரீசில் இருக்கிறான். செவ்வாய்க்கிழமை விமானம். "ஒரு பிசிறு நிக்கக் கூடாது பாய்" என்று மாப்பிள்ளையின் அம்மா போனில் இரண்டு தரம் சொல்லிவிட்டாள்.

திரையில் இரண்டு ஜன்னல்கள். ஒன்றில் பூர்ணிமா, ஒன்றில் அயோ. வெளியே, புத்தாண்டு கொண்டாட வந்த பெங்களூர்க்காரர்களும் சென்னைக்காரர்களும் வாடகை ஸ்கூட்டரில் ஒருவழித் தெருவை இருவழியாக்கிக்கொண்டிருந்தார்கள். ஹேமலதா பூர்ணிமாவின் தலையோரம் பறந்த முடியைத் துடைப்பாள். வாசலுக்குப் போய் வருவாள். அயோவின் நிறத்தைக் கூட்டுவாள். மறுபடி பூர்ணிமா. மத்தியானச் சோறு டப்பாவிலேயே ஆறியது. சாயங்காலத்துக்குள் ஆல்பமும் முடிந்தது, அயோவும் முடிந்தது. மஞ்சளும் சாம்பலுமாய், கருப்பு வானத்தில் சீவிவிட்ட மாதிரி விளிம்போடு நின்ற நிலாவை அவள் தளத்தில் ஏற்றினாள்.

புத்தாண்டன்று எழுந்து பார்த்தால் உலகமே பாராட்டியிருந்தது. எங்கெங்கோ இருக்கிறவர்கள் அழகு, அற்புதம் என்று எழுதியிருந்தார்கள். நடுவில், நெதர்லாந்துக்காரர் ஒருவர், வருஷக்கணக்காக இதே வேலையாக இருப்பவர், மரியாதையாக ஒரு கேள்வி வைத்திருந்தார். 'விளிம்பின் இடப்பக்கம் எரிமலைப் புகை ஒன்று என் படத்தில் தெரிகிறது. உங்களுடையதில் காணோமே?'

முதலில் கோபம் வந்தது. அது கதிர்வீச்சுப் புள்ளியாக இருக்கும் என்று மனத்துக்குள் அவருக்குப் பதில் எழுதினாள். பிறகு ஸ்டுடியோவுக்கு ஓடி, வந்தபடியே கைபடாமல் இருந்த கீற்றுகளைத் திறந்தாள். காமிராவின் கோளாறு என்றால் ஒவ்வொரு படத்திலும் படச்சட்டத்தின் அதே மூலையில் நிற்கும், நிலா நகர்ந்தாலும் நகராது. இது நிலாவோடு கூடவே நகர்ந்தது. குடை விரித்தது போல மெல்லிய புகை, விளிம்பிலிருந்து கிளம்பி இருட்டில் நிற்கிறது. பார்ப்பதற்கு, தலையோரம் கிளம்பிய பிசிறு முடியே தான்.

பூர்ணிமாவைத் துடைத்த கை, ஜன்னல் மாறியதைக் கவனிக்காமல் அயோவையும் துடைத்திருக்கிறது.

"பாய், நா அழிச்சிட்டேன்."

"எத? பூர்ணிமா ஆல்பத்தையா?" பாய் எழுந்தே விட்டார்.

"இல்ல பாய். எரிமலைய."

"யா அல்லா, அவ்ளோதானா! நெஞ்சே நின்னு போச்சும்மா எனக்கு." உட்கார்ந்தார். "கேமரா கோளாறுன்னு எழுதிடு. யாருக்குத் தெரியப் போவுது?"

"அவரு பாத்துட்டாரே."

"அவரு மட்டும் அங்க போயா பாத்தாரு?"

அதுவும் ஒரு வாதம்தான். ஆனால் ஹேமலதா வாசலுக்கும் நாற்காலிக்குமாக நடந்தாள். இத்தனை நாளாக அவள் காத்த ஒரே படம். உள்ளதை உள்ளபடி காட்ட வேண்டியது. அதில் அந்த நிலாவின் பெரிய எரிமலைகளில் ஒன்றை, மாப்பிள்ளையின் அம்மா சொன்ன பிசிறைப் போல எடுத்துவிட்டாள். பாராட்டியவர்கள் பாராட்டியதும் அந்தத் துடைப்பைத்தான். 'என்ன சுத்தமான விளிம்பு' என்று ஒருவர் எழுதியே இருந்தார். இன்னும் என்னென்ன போயிற்றோ. வழக்கப்படி படத்தின் எல்லா அடுக்குகளையும் ஒன்றாக்கிச் சேமித்துவிட்டதால் எங்கெங்கே துடைத்தாள் என்று திரும்பிப் பார்க்கவும் வழியில்லை. கையைக் கேட்டால் கைக்கு ஞாபகமில்லை.

முதலிலிருந்து தொடங்கினாள். அரை மணி நேரத்தில் ஒரு கரும்புள்ளி காணாமல் போயிருந்தது, அவள் கண்ணெதிரிலேயே. விரல் தானாகப் போய்வந்துவிட்டது.

"இந்தக் கைக்கு வெக்கமே இல்ல பாய்."

"பதினஞ்சு வருஷம் சோறு போட்ட கைம்மா, திட்டாத."

அவள் மவுசைப் பிடுங்கி, விசைப்பலகையின் மறுபக்கம், இடது கைக்கு மாற்றி வைத்தாள். இடது கை இதுவரை ஒரு மணப்பெண்ணையும் கண்டதில்லை. அதற்கு எது அழகு, எது அசிங்கம் என்றே தெரியாது. இங்கே நகர்த்தினால் அங்கே போயிற்று. ஒரு கோட்டை ஒட்டுவதற்குள் தோள் வலித்தது. ஒவ்வொரு புள்ளியையும் அடுத்த படத்தோடு வைத்துப் பார்த்தாள். படச்சட்டத்தோடு நிற்பது காமிராவுடையது, நிலாவோடு நகர்வது நிலாவுடையது. எதுவென்று தீர்மானிக்க முடியாதவற்றை அப்படியே விட்டாள். நிறைய விட வேண்டியிருந்தது.

"இடது கையால செஞ்சத சபைல வெக்கப் போறியா?" என்றார் பாய்.

"வலது கை செஞ்சதுதான் பாய் வெளிய சொல்ற மாதிரி இல்ல."

செவ்வாய்க்கிழமை பூர்ணிமாவின் ஆல்பம், ஒரு பிசிறும் இல்லாமல், பாரீசுக்குப் புறப்பட்டது. அதே நாள் புதிய அயோ தளத்தில் ஏறியது. பழைய படத்தை அவள் எடுத்துவிடவில்லை. அதன் கீழே ஒரு வரி சேர்த்தாள்: 'இதில் இருந்த எரிமலையை நான் பழக்கதோஷத்தில் துடைத்துவிட்டேன். சரியானது அடுத்த படம்.' நெதர்லாந்துக்காரர் ஒரு கட்டைவிரலை உயர்த்தினார். மற்றவர்கள் பழைய படத்தையே தொடர்ந்து பாராட்டினார்கள். விளக்கம் படிக்கிற வழக்கம் உலகில் எங்கும் இல்லை.

புதன்கிழமை மத்தியானம் ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு நோணாங்குப்பம் போனாள். பிரேம்குமார் சாயங்காலம் வீட்டுக்கு வரத்தான் போகிறான், அதுவரை பொறுக்கவில்லை. புத்தாண்டுக் கூட்டம் இன்னும் வடியாத துறை. பாரடைஸ் பீச்சுக்குப் போகிறவர்கள் லைஃப் ஜாக்கெட்டை மாட்டத் தெரியாமல் ஒருவரையொருவர் மாட்டிக்கொண்டிருந்தார்கள்.

"இன்னா, வீட்ல ஏதாவதா?" என்று பதறினான்.

"ஒண்ணுமில்ல. இதப் பாரு."

வெயிலுக்குக் கையால் மறைத்துக்கொண்டு போனைக் கண்ணருகே வைத்துப் பார்த்தான். கரகரப்பும் புள்ளியும், அம்மை வார்த்து இறங்கிய முகம் போல ஒரு நிலா.

"போன படம் நல்லா இருந்துச்சே. இது ஏன் இப்பிடிக் கெடக்குது?" என்றான். பிறகு இரண்டு விரலால் விரித்தான். "இது இன்னா, ஓரத்துல? பொகை மாதிரி?"

அவள் செய்த படத்தைக் கையில் வாங்கி, அதில் இருக்கிற ஒன்றைக் காட்டி இது என்னவென்று யாரும் இதுவரை கேட்டதில்லை.

"எரிமல. போன படத்துல இதத்தான் தொடச்சிட்டேன். நூறு கிலோமீட்டருக்கு மேல எழும்புது."

"இம்மாம் பெருசையா தொடச்ச?"

"ம்."

"அடிப்பாவி" என்றான். குரலில் மரியாதைதான் அதிகம். "ஏன்?"

"நல்லா இருக்கணும்னு."

அவன் இன்னொரு தரம் விரித்துப் பார்த்தான். அதற்குள் படகிலிருந்து யாரோ கத்தினார்கள். ஒரு பயணி செல்ஃபிக்காக எழுந்து நின்றதில் படகு ஒரு பக்கம் சாய்ந்தது. "சார், உக்காருங்க சார்! உக்காந்துதான் வரணும்!" என்று கூவிக்கொண்டு பிரேம்குமார் ஓடினான், அவள் போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு. பாதி வழியில் நினைவு வந்து, திரும்பி வந்து கொடுத்துவிட்டு மறுபடி ஓடினான்.

படகு கிளம்பும்வரை அவள் நின்றிருந்தாள், அவளுக்கு அது நீண்ட நேரம். பிப்ரவரி மூன்றாம் தேதி விண்கலம் அயோவை இன்னொரு முறை இதே போல நெருங்குகிறது. காமிரா அதுவரை தாங்குமா என்பது யாருக்கும் தெரியாது. வண்டியை உதைத்துக் கிளப்பியபோது, நிறுத்துமிடத்துக்காரர், "வந்ததே இப்பதானம்மா?" என்றார்.